குடை நரியார் பம்பாய்க்கு வந்த வாரம்

நான் சொன்னா நீ சிரிப்ப, சிரிச்சுக்கோ. நானும் ஒரு காலத்துல அப்படிச் சிரிச்சவதான். தாராவியில எங்க சந்துல எவளுக்காவது பேய் புடிச்சிருக்குன்னு சொன்னா, மொதல்ல அவளுக்கு வயிறாரச் சோத்தப் போடுங்க, தானா எறங்கிரும்னு மூஞ்சிக்கு நேரா சொல்லுவேன். எனக்கு வாய் கொஞ்சம் நீளம். அப்படிப்பட்டவ சொல்லுதேன், நம்புனா நம்பு, இல்லன்னா விடு.

அறுபதுகள்ல ஒரு வருஷம், மழைக்காலம் முடியுத நேரம். எங்க வீட்டுக்காரர் பலசரக்குக் கடை வச்சிருந்தாரு, விடிய முன்ன போனா இருட்டித்தான் வருவாரு. ஒரே மக மல்லிகா, எட்டு வயசு, முனிசிபாலிட்டி இந்திப் பள்ளிக்கூடத்துல படிச்சா. தமிழ் நல்லாப் பேசுவா, ஒரு எழுத்து வாசிக்கத் தெரியாது. மெட்ராஸ்லருந்து ரயில்ல வாராவாரம் ஒரு சிறுவர் பத்திரிகை மாட்டுங்கா மார்க்கெட்டுக்கு வரும். அதுல கடைசிப் பக்கம் குடை நரியார்னு ஒரு படக்கதை, நான் கல்யாணமாகி பம்பாய் வந்த நாள்லருந்து ஓடிக்கிட்டிருந்துச்சு. நரியார் ரெண்டு கால்ல நடப்பாரு, கக்கத்துல குடை வச்சிருப்பாரு, வாரம் ஒரு வீட்டுக்கு விருந்தாளியாப் போவாரு, அவ்வளவுதான் கதை. நான் வாசிப்பேன், மல்லிகாவும் பக்கத்து வீட்டு கமலா மக பொன்னியும் வாயப் பொளந்துக்கிட்டு கேப்பாளுவ.

அந்த வருஷம் மல்லிகாவுக்கு டைபாய்டு. மூணாவது வாரத்தத் தாண்டிட்டா பொழைச்சுக்கும்னு டாக்டர் சொல்லியிருந்தாரு. ஒட்டுவாரொட்டிங்கறதால பொன்னிய நான் வாசப்படி மிதிக்க விடல. ரெண்டாவது வாரம் பத்திரிகை வந்துச்சு, பிரிச்சுப் பார்த்தா நரியார் ஒரு தோணியில ஏறிப் போறாரு, கரையில பிள்ளைகள்லாம் கை காட்டுது, கீழ 'முற்றும்'னு போட்டிருக்கான். இத்தன வருஷக் கதைய ஒரு காரணமும் சொல்லாம முடிச்சுட்டான் பாவி. எம்மக அந்த நரியாரச் சொன்னாத்தான் ரெண்டு வாய் கஞ்சி குடிக்கா. அந்தப் பிள்ள முன்னால முற்றும்னு வாசிக்க எனக்கு நாக்கு எழும்பல.

அதனால மாத்தி வாசிச்சேன். நரியார் தோணிய விட்டு எறங்கி, பம்பாய் மெயில்ல ஏறிட்டாரு, மல்லிகாவப் பாக்க வாராருன்னேன். மறுநாள் சொச்சம் கேட்டா. நான் என்ன கதாசிரியையா, எனக்குத் தெரிஞ்சது நாங்க ஊருக்குப் போயி வார அந்த ரயில் ஒண்ணுதான். பழைய பத்திரிகைய எடுத்து வச்சுக்கிட்டு, படத்தக் காட்டிக் காட்டி, ஒரு நாள் குண்டக்கல்னேன், ஒரு நாள் ராய்ச்சூர்னேன், சோலாப்பூர், பூனா. கல்யாண் வந்ததும்தான் எனக்கே திக்குன்னுச்சு, வந்து சேந்துட்டா அப்புறம் என்னத்தக் காட்டுவேன். சிக்னல் விழல, வண்டி நிக்குதுன்னு சொன்னேன்.

"இல்லம்மா, அவரு தாதர்ல எறங்கிட்டாரு"ன்னா.

பிள்ள காய்ச்சல்ல பேசுதுன்னு நெனச்சேன். மறுநாள் காலைல, மாட்டுங்கா பாலத்துல நடந்து வாராருன்னா. அதுக்கு அடுத்த நாள், நம்ம சந்துக் குழாய்கிட்ட நிக்காரு, பொம்பளையெல்லாம் வரிசையில நிக்காங்க, யாரும் அவருக்கு வழி விடலன்னா. அவ படுக்கைய விட்டு எந்திரிச்சு பதினஞ்சு நாளாச்சு, குழாய்ல அன்னைக்குத்தான் ரெண்டு நாள் கழிச்சு தண்ணி வந்து வரிசை நின்னுச்சு. காய்ச்சல் வேற கூடிக்கிட்டே போகுது.

அன்னைக்கு மத்தியானம் பளீர்னு வெயிலு. கதவுகிட்ட டொக், டொக்னு கம்பு ஊனுத மாதிரி ஒரு சத்தம். திறந்தேன், ஒருத்தரும் இல்ல. வாசப்படி சிமிண்டுல மட்டும், நனஞ்ச குடைய ஊனி வச்சா சொட்டி நிக்குமே, அப்படி வட்டமா தண்ணி. மழை விட்டு நாலு நாள் ஆயிருந்துச்சு.

"உள்ள வரவான்னு கேக்காரும்மா, வரச் சொல்லவா?"

நான் கதவச் சாத்திட்டு, அந்தக் கடைசிப் பத்திரிகையத் தேடி எடுத்து, உள்ளது உள்ளபடி சத்தமா வாசிச்சேன். நரியார் தோணியில ஏறுனாரு, போயிட்டாரு, முற்றும். மூணு தரம் வாசிச்சேன். மல்லிகா கதவையே பாத்துக்கிட்டு இருந்தா.

"இவ்வளவு தூரம் வந்துட்டாராம், யார் வீட்டுக்காவது போகணுமாம். பக்கத்து வீட்டுக்குப் போவட்டுமான்னு கேக்காரு."

போவட்டும்னேன். ஒரு நிமிஷம் யோசிச்சிருக்கலாம், யோசிக்கல. எம்பிள்ள பொழைச்சாப் போதும்னு இருந்துச்சு.

சாயங்காலமே மல்லிகாவுக்குக் காய்ச்சல் எறங்கிருச்சு. பொன்னிக்கு மறுநாள் காலைல ஏறுச்சு, மூணாம் நாள் போயிட்டா. ஒட்டுவாரொட்டிதானேன்னு நீ சொல்லுவ. நானும் அப்படித்தான் எனக்குச் சொல்லிக்கிடுதேன். ஆனா டைபாய்டு மூணு நாள்ல யாரையும் கொண்டுபோவாதுன்னு டாக்டரே முழிச்சாரு.

மல்லிகாவுக்கு இப்ப பேரன் பேத்தி இருக்கு, அந்த வாரம் ஒண்ணுமே ஞாபகம் இல்லங்கா. கமலாதான் மறக்கல. கல்யாணம் காச்சின்னு எங்க பாத்தாலும் எங்கையப் பிடிச்சுக்கிடுவா. "பொன்னி கடைசி வரைக்கும் சொன்னாளே அக்கா, குடையோட ஒருத்தர் வந்து தலைமாட்டுல உக்காந்திருக்காரு, பக்கத்து வீட்டுப் பெரியம்மாதான் அனுப்பிவச்சாங்களாம்னு. உங்க பிள்ள கிடந்த கிடையிலயும் எம்பிள்ளைக்குத் துணைக்கு ஆள் அனுப்புனீங்களே, யாருக்கா அவரு?"

கடையில வேலை பாத்த ஆளு, ஊருக்குப் போயிட்டாருன்னு சொல்லி வச்சிருக்கேன். எந்த ஊருன்னு போன மாசம் கேட்டா, கண்ண மூடுததுக்குள்ள ஒரு தடவ அவரப் பாத்துக் கையெடுத்துக் கும்பிடணுமாம்.