புல்வெட்டும் வண்டிக்கு அடியில் தேயிலை

நான் வேலை செய்யும் பங்களா ஹோட்டலில், உட்கார்ந்து ஓட்டும் புல்வெட்டும் வண்டியின் பிளேடு வளைந்துவிட்டது. வளைத்தது தோட்டக்காரர் முருகேசு அண்ணன்தான் என்கிறார் மேனேஜர். நாளை விசாரணை. அண்ணனின் வேலை போகலாம்.

இன்று மதியம் அண்ணன் வண்டியை ஜாக்கியால் தூக்கிக் கட்டை கொடுத்தார். இன்ஜினின் ஸ்பார்க் பிளக்கைக் கழற்றிச் சட்டைப் பையில் போட்டுக்கொண்டார்.

"கை உள்ள இருக்கப்ப யாராச்சும் ஸ்டார்ட் பண்ணிட்டா? இப்ப யாரையும் நம்புறதுக்கில்ல, தங்கச்சி."

என்னையும் சேர்த்துத்தான் சொன்னார். நான் ஆபீஸ் ஆள்.

நான் டார்ச் பிடித்தேன். அவர் அடியைச் சுரண்டினார். காய்ந்த புல் அடை அடையாக விழுந்தது. அதற்குள் நசுங்கிய தேயிலை, விரல் தடிமனில் ஒரு தேயிலைக் குச்சி.

தேயிலைச் செடிகள் இருப்பது ஹோட்டல் வேலிக்கு அப்பால், எஸ்டேட்டில்.

"அந்தப் பக்கம் நான் வண்டிய எறக்குனதே இல்லயே."

பிளேடு வளைந்தது தெரிந்தது திங்கட்கிழமை. முந்தைய நாள், ஞாயிற்றுக்கிழமை, அண்ணனுக்கு லீவு. அன்று ஆபீஸ் ஆணியிலிருந்து வண்டிச் சாவியை எடுத்தவர் மேனேஜர். நான் பார்த்தேன். எதற்கென்று கேட்கவில்லை. இதுவரை யாரிடமும் சொல்லவும் இல்லை.

அப்போது மேனேஜரே தண்ணீர்க் குழாயை இழுத்துக்கொண்டு வந்தார்.

"எதுக்குச் சொரண்டிக்கிட்டு? பைப்புல தண்ணி அடிச்சா ஒரு நிமிசத்துல சுத்தமாயிரும்."

"இருங்க சார், பேரிங்ல தண்ணி போயிரும்," என்றார் அண்ணன், நகராமல்.

நான் போனை எடுத்து அந்தக் குச்சியையும் இலையையும் படம் பிடித்தேன்.

நாளை விசாரணைக்கு நானும் போகிறேன். யாரும் கூப்பிடவில்லை.

உங்கள் மேனேஜர் என்றைக்காவது தானாக வந்து எதையாவது கழுவிக் கொடுத்திருக்கிறாரா? கொடுத்திருந்தால் சொல்லுங்கள். எங்களவரும் நல்லவராக இருக்கலாம்.