தள்ளாடியில் ஒரு நாள்

சாயங்காலம் சாமி விளக்கு ஏற்றும்போதெல்லாம் எனக்குத் தள்ளாடி ஞாபகம் வரும். தள்ளாடி என்பது ஊரில்லை. ஒரு கிரகம். என் அத்தையைத் தவிர வேறு யாரும் கண்டுபிடிக்காத கிரகம்.

நாங்கள் அப்போது குன்னூருக்குக் கீழே ஒரு எஸ்டேட் லைன் வீட்டில் இருந்தோம். அப்பாவுக்கு டீ ஃபேக்டரியில் வேலை. நான் ஒன்றாவது படித்துக்கொண்டிருந்தேன். அம்மா வயிற்றில் தம்பிப் பாப்பா இருந்தான். தம்பிதான் என்று நானே முடிவு செய்து முருகனிடமும் சொல்லிவைத்திருந்தேன். ஆடி மழை பிடித்துக்கொண்ட சமயம், அம்மாவுக்குக் கால் வீங்கித் தலை சுற்றியது. குன்னூர் டாக்டரம்மா உடனே கோயமுத்தூர் பெரிய ஆஸ்பத்திரிக்குப் போகச் சொல்லிவிட்டார். ஜீப்பில் ஏறும்போது அம்மா என் கன்னத்தைத் தொட்டு, "அழுகாம இரு கண்ணு. மூணே நாள்ல தம்பியத் தூக்கிட்டு வந்துருவேன்" என்றாள். அம்மா அதுவரை என்னிடம் சொன்ன சொல் தவறியதில்லை.

என்னைப் பார்த்துக்கொள்ள மேட்டுப்பாளையத்திலிருந்து அப்பாவின் தங்கை வந்தாள். பத்தாவதோடு படிப்பை நிறுத்திவிட்டுத் தையல் பழகிக்கொண்டிருந்த அத்தை. வாய் ஓயாது. எங்கள் குளிர் தாங்காமல் அப்பாவின் கம்பளிக் குல்லாயை மாட்டிக்கொண்டு அதோடேயே சாமி கும்பிடுவாள். சாமிக்கு உங்களை அடையாளம் தெரியாது, கழற்றுங்கள் என்று நான் சொன்னால், "மல மேல நிக்கறவருக்குக் குளிரு தெரியாதா அம்மிணி?" என்பாள்.

எங்கள் வீட்டில் ஒரு நாளுக்கு இரண்டு அடையாளம். காலையில் காலண்டர் தாள் கிழிப்பது, அது என் வேலை. சாயங்காலம் சாமி விளக்கு ஏற்றுவது, அது அம்மா வேலை. அம்மா போன பிறகு அத்தை ஏற்றினாள். மூன்றாம் நாள் காலையில் தாளைக் கிழித்த கையோடு வாசற்படியில் உட்கார்ந்துவிட்டேன். மூட்டம் இறங்கி எதிர்ச்சரிவுத் தேயிலையே தெரியவில்லை. ஜீப் சத்தம் கேட்கும்போதெல்லாம் எழுந்து நின்றேன்.

மத்தியானம் ஆஸ்பத்திரியிலிருந்து அப்பா பக்கத்து வீட்டு ஃபோனுக்குக் கூப்பிட்டார். பேசப் போன அத்தை வெகுநேரம் கழித்துத்தான் திரும்பினாள். கண் சிவந்திருந்தது. அவர்கள் அடுப்பில் ஈர விறகு, ஒரே புகை என்றாள்.

ஃபேக்டரி சங்கு ஊதி இருட்டவும் தொடங்கிவிட்டது. அத்தை விளக்குப் பக்கம் போகவே இல்லை. மறந்துவிட்டாளாக்கும் என்று எண்ணெய் பாட்டிலைக் கொண்டுபோய் முன்னால் வைத்தேன். "இன்னைக்கு வேண்டாங் கண்ணு" என்றாள். எனக்கு விளக்குக் கவலை இல்லை. மூன்று நாள் முடிந்துவிட்டது, அம்மா வரவில்லை. அதைச் சொல்லியே அழத் தொடங்கினேன்.

அத்தை என்னை மடியில் இழுத்துக் கம்பளியால் போர்த்தினாள். பிறகு, "முடிஞ்சுதுன்னு ஆரு சொன்னா? உனக்குத் தள்ளாடி தெரியுமா?" என்று கேட்டாள்.

பம்பரம் சாயப் போகும்போது தலையாட்டுமே, அப்படிச் சுற்றுகிற ஒரு கிரகம் அது. அதனால் அங்கே ஒரு நாளைப் போல் இன்னொரு நாள் இருக்காது. ஒரு நாள், கேரட் விதைத்து அன்றைக்கே பிடுங்கிவிடலாம், அவ்வளவு நீளம். இன்னொரு நாள், ஊற்றிவைத்த டீ ஆறுவதற்குள் முடிந்துவிடும். கடிகாரம் வாங்கினால் கிறுக்குப் பிடித்துவிடுமாம். கல்யாணப் பத்திரிகையில் தேதி கிடையாது, வெயில் அடிக்கிற அன்றைக்கு என்றுதான் போடுவார்கள். பெண்ணும் மாப்பிள்ளையும் மாலையைக் கழற்றாமலேயே பாத்திரம் கழுவிக்கொண்டு வெயிலுக்குக் காத்திருப்பார்கள். தெருவில் எதிர்ப்பட்டால் ஒருவர் "இன்னைக்குத்தானுங்களா?" என்று கேட்க, மற்றவர் "இன்னும் இன்னைக்கேதானுங்க" என்பார்.

"அப்ப நாளு எப்பத்தான் முடியும்?"

"சாமி வெளக்கு ஏத்துனா முடிஞ்சுது. வர வேண்டியவங்க வந்து சேராம அங்க ஆரும் ஏத்த மாட்டாங்க."

எனக்கு எல்லாம் விளங்கிவிட்டது. எங்கள் வீட்டில் இன்னும் மூன்றாம் நாள்தான்.

அதன் பிறகு எத்தனை இரவு தூங்கினேன் என்று நினைவில்லை. தள்ளாடிக் கணக்கில் அதெல்லாம் மத்தியானத் தூக்கம். மழைக்குப் பள்ளிக்கூடம் லீவு. காலண்டர் தாளை நான் தொடவில்லை. பக்கத்து வீட்டு அக்கா வேளாவேளைக்குச் சோறு கொண்டுவந்து கொடுத்தார். அதுவும் அந்தக் கிரகத்து வழக்கம் என்றே நினைத்துக்கொண்டேன்.

ஒருமுறை அத்தைக்குத் தலை காட்டி உட்கார்ந்திருந்தபோது, ரொம்பச் சின்ன நாளில் பிறந்தவர்கள் பாவமில்லையா, விளையாடக்கூட நேரமிருக்காதே என்று கேட்டேன். சீப்பு நின்றுவிட்டது. "அவங்களுக்கு அதுவே முழு நாளு சாமி" என்றாள்.

ஆபத்து அந்த அக்காவின் பையன் உருவில் வந்தது. அவனுக்கும் என் வயதுதான். ஒரு சாயங்காலம் கரண்ட் போயிருந்தது. அவனுடைய அம்மா சோற்றோடு வந்து அடுக்களையில் அத்தையிடம் பேசிக்கொண்டிருந்தார். சாமி படத்துக்கு முன்னால் அவன் தீப்பெட்டியோடு நின்றான். உங்கள் வீட்டில் விளக்கே வைப்பதில்லை, நான் வைக்கிறேன் என்றான். நான் தள்ளாடியைப் பற்றிச் சொன்னேன்.

"தள்ளாடியாம் தள்ளாடி. இன்னைக்கு வெள்ளிக்கெழம. உங்கம்மா வரவேயில்ல போ" என்று சொல்லிக் குச்சியை உரசினான்.

அவன் கையைக் கடித்துவிட்டேன். விளக்கு உருண்டு, எண்ணெய் தரையெல்லாம் ஓடியது. ஓடிவந்த அக்கா என்னை அடிக்கக் கையை ஓங்கினார். "வெளக்கு ஏத்திட்டா மூணு நாளும் முடிஞ்சிருமுங்க அக்கா. எங்கம்மா சொன்ன சொல்லு பொய்யாயிருமுங்க" என்று கத்தினேன். ஓங்கிய கை அப்படியே இறங்கியது. அத்தை கந்தல் துணியை எடுத்து வந்து எண்ணெயைத் துடைத்தாள். துடைத்த இடத்தையே திரும்பத் திரும்பத் துடைத்துக்கொண்டிருந்தாள்.

அம்மா வந்த அன்றும் மூட்டம்தான். ஜீப்பிலிருந்து அப்பா அவள் கையைப் பிடித்து மெதுவாக இறக்கினார். நான் ஓடிப்போய் அவள் காலைக் கட்டிக்கொண்டு, "அம்மா, நீ சொன்ன மாதிரியே வந்துட்ட. இன்னும் மூணாம் நாள்தான், நாங்க வெளக்கே ஏத்தலை" என்றேன். அம்மா அத்தையைப் பார்த்தாள். அத்தை குல்லாயைக் கண் வரைக்கும் இழுத்துவிட்டுக்கொண்டாள். தம்பி எங்கே என்று கேட்டதற்கு, அவன் தள்ளாடிக்குப் போய்விட்டான் என்று அத்தைதான் சொன்னாள். நான் பார்க்காத இடத்தை அவன் முதலில் பார்த்துவிட்டானே என்று எனக்குக் கொஞ்சம் பொறாமை.

எனக்குக் கல்யாணமாகி வந்த பிறகு, மாமனார் தவறிப்போனபோது, தீட்டுக் கழியும்வரை விளக்கேற்றக் கூடாது என்று என்னிடம் சொன்னார்கள். எண்ணெய்க் கிண்ணத்தோடு நின்றவள் அப்படியே உட்கார்ந்துவிட்டேன். அத்தை விளக்கை ஏற்றாமல் விட்டது எனக்காக மட்டும் இல்லை. பிறந்த அன்றைக்கே போய்விட்ட ஒரு பிள்ளைக்காக. ஏற்றாத விளக்குக்கு ஒரு காரணம் வேண்டியிருந்தது. பத்தொன்பது வயதுப் பெண், அதற்காக ஒரு உலகத்தையே உண்டாக்கியிருக்கிறாள். அந்தப் புத்தியை அவளுக்குக் கொடுத்தவன் முருகன்தான் என்று நம்புகிறேன்.

அம்மா வந்த அன்று சாயங்காலம் வீடு கழுவி, மஞ்சள் தண்ணீர் தெளித்து, எல்லோரும் தலைக்கு ஊற்றிக்கொண்டோம். பிள்ளை பெற்ற உடம்போடு விளக்கைத் தொடுவது எங்களில் வழக்கமில்லை. "நான் ஏத்தறனுங்க அண்ணி" என்றாள் அத்தை. அம்மா கேட்கவில்லை. "நான் வந்தாத்தான் முடியும்னு புள்ள காத்துட்டிருந்திருக்கறா. நானே ஏத்தறேன்" என்றாள். அப்பா தடுக்கவில்லை.

அம்மா குச்சியை உரசினாள். சுடர் நன்றாகவே பிடித்தது. திரிக்குப் பக்கத்தில் கொண்டுபோனவள் அங்கேயே நிறுத்திவிட்டாள். குச்சி விரல்வரை எரிந்து அணைந்தது. இன்னொன்றை உரசினாள். அதுவும் அப்படியே அணைந்தது.

மழைக்காலத்தில் எங்கள் மலையில் தீப்பெட்டி நமுத்துப்போவது சகஜம். அதுதான் சங்கதி என்று நினைத்து, அம்மாவுக்கு உதவி செய்கிற சந்தோஷத்தில், அடுப்பு மேட்டிலிருந்த புதுத் தீப்பெட்டியை எடுத்து வந்து அவள் கையில் கொடுத்தேன்.