சாணக்யபுரியில் எடுத்த காட்சி

தொண்ணூறுகளில் தில்லியில் நான் ஒளிப்பதிவாளன். வேறு யாரும் துணியாத சின்னப் படங்களுக்குத் தயாரிப்பாளனும் நானே. ஒரு பெண் இயக்குநர் தன் முதல் படத்தை என்னை நம்பி ஆரம்பித்தாள். அவளுடைய தம்பி நிஜமாகவே வெளிநாடு போக விசா வரிசையில் நின்றான். அவன் அம்மாவிடம் விடைபெற்றதை, சாணக்யபுரியில் தூதரக வாசலில் கேமராவைச் சால்வையால் மூடி எடுத்தேன். போலீஸ் அனுமதி வாங்குவது தயாரிப்பாளன் வேலை. நான் வாங்கவில்லை. தம்பி விமானம் ஏறிவிட்டான். இனி அதை எடுக்க முடியாது.

விமான நிலைய எக்ஸ்ரேக்குப் பயந்து, சென்னை லேபுக்குப் போகும் ஃபிலிமை ரயிலில் தெரிந்தவர்களிடம் கொடுத்தனுப்புவோம். அந்தக் காட்சியை அன்று எடுத்துப் போனவர் இயக்குநரின் தாய்மாமா, தில்லி லக்ஷ்மிபாய் நகர்க்காரர். திறந்தால் வெளிச்சம் பட்டு எல்லாம் அழிந்துவிடும் என்று சொல்லித்தான் டப்பாவைக் கொடுத்தேன்.

வண்டி கிளம்பும் நேரத்தில் சோதனைக்கு வந்த போலீஸ்காரர் டப்பாவைத் தட்டிப் பார்த்தார்.

"கோலோ. ஜல்தி!"

மாமா ஜன்னல் வழியாக என்னைப் பார்த்தார். "தம்பி, தொறக்கச் சொல்லுதான். நீங்க கொஞ்சம் சொல்லுங்களேன்."

போலீஸ்காரர் என் பக்கம் திரும்பினார். "ஆப்கா ஹை?" உங்களுடையதா என்று கேட்கிறார்.

என் தோள்பையில் ஃபிலிம் மாற்றும், வெளிச்சம் புகாத கறுப்புத் துணிப்பை இருந்தது. டப்பாவை அதற்குள் வைத்துத் திறந்து, கையைவிட்டுத் தடவிப் பார்க்கச் சொல்லியிருக்கலாம். ஆனால் எங்கே எடுத்தது என்று கேட்பாரே? தூதரக வாசலில், அனுமதியில்லாமல்!

"நஹி" என்றேன்.

 மாமா, "மேரா ஹை", என்னுடையதுதான் என்று சொல்லி, டப்பாவைச் சுற்றியிருந்த டேப்பைக் கிழித்துத் திறந்தார்.

இயக்குநரிடம், "உங்க மாமா தெரியாம தொறந்துட்டார்" என்றேன். அவள் அவரோடு பேசுவதையே நிறுத்தினாள். படமும் நின்றுபோனது.

பல மாதம் கழித்து ஐ.என்.ஏ. மார்க்கெட்டில் அப்பளம் வாங்கிக்கொண்டிருந்த மாமாவிடம் மாட்டிக்கொண்டேன். திட்டுவார் என்று நின்றேன்.

"நான் அவகிட்ட ஒண்ணும் சொல்லல, தம்பி. உங்கள விட்டா அவளுக்குப் படம் எடுத்துக் குடுக்க யாரு இருக்கா? அடுத்தது எப்போ ஆரம்பிக்கிய?"

"சீக்கிரம் மாமா" என்றேன்.

ஆரம்பிக்கவில்லை. அவள் முகத்தைப் பார்க்க எனக்குத் தைரியம் வரவில்லை.