உட்கார்ந்தால் மறையும் கடல்

ஒன்பதாவதோடு படிப்பை விட்டு ஊர் ஊராகச் சுற்றியவன் நான். சுவரில் விளம்பரம் எழுதினேன், கல்யாண மண்டபங்களுக்கு மலையும் அருவியும் தீட்டினேன், இடம் கிடைக்காத ஊர்களில் பேருந்து நிலையத்தில் படுத்தேன். எங்கே போனாலும் வயலையும் ஆற்றையும் வரைவேன். இணையத்தில் நான் போட்ட அந்தப் படங்களைப் பார்த்த சென்னைப் பதிப்பகம் ஒன்று எனக்கு முதல் குழந்தைகள் புத்தகத்தைக் கொடுத்தது. அப்பாவின் படகுக்காகக் கரையில் காத்திருக்கும் சிறுமியின் கதை.

அப்போது சிதம்பரத்தில் ஓர் அறையில் இருந்தேன். காலையில் பஸ் ஏறிக் கடலூர் போய், தேவனாம்பட்டினம் கடற்கரையில் வரைவேன். அங்கே மீன் விற்கும் ஓர் அக்கா, காலி ஐஸ் பெட்டியைக் கவிழ்த்து எனக்கு மேசையாக்கினார். மதியச் சோறும் அவர் கையால்தான்.

முதல் படங்களை அனுப்பினேன். பதிப்பாசிரியர் போனில் சொன்னார்: "கடல் பிரமாதம் சார். ஆனா பொண்ணு ஒட்டவே இல்ல. இந்த வாரத்துக்குள்ள வரலைன்னா வேற ஆள்கிட்டதான் குடுக்கணும்."

புத்தகம் போனால் மறுபடி சுவர்தான். அந்த வேலை எனக்குத் தெரியும்; திரும்ப மனமில்லை.

திரும்பத் திரும்ப வரைந்தேன். பழக்கம் விடவில்லை. மணல் மேட்டில் நின்று முதலில் தொடுவானக் கோட்டைப் போடுவேன், பிறகு தண்ணீர். மனிதர்கள் கடைசியில், குச்சி மாதிரி.

அக்காவின் இரண்டாம் வகுப்பு மகள் எட்டிப் பார்த்தாள்.

"மாமா, இந்தப் புள்ள ஏன் கரண்டுக் கம்பமாட்டம் நிக்குது?"

"அவுங்க அப்பா வராரான்னு கடலப் பாக்குது."

"வெயில்லயா? நீ லூசா மாமா?"

"ஏய், வாயில போடுவேன்," என்றார் அக்கா, மீனிலிருந்து கண்ணை எடுக்காமல்.

சிறுமி போய்ப் படகு நிழலில் உட்கார்ந்தாள். எனக்கும் வெயில் தாங்கவில்லை; பக்கத்தில் போய் உட்கார்ந்தேன். கடல் காணாமல் போய்விட்டது. கண்ணுக்கு முன்னால் நீலப் பெயின்ட் உரிந்த படகு மட்டும்.

"இங்கேர்ந்து ஒண்ணுமே தெரியலையே. கடலுக்குப் போன உங்கப்பா வர்றது எப்பிடித் தெரியும்?"

"எங்க போட்டு இன்ஜின் சத்தம் கேக்கும்ல? கேட்டா எந்திரிச்சி ஓடுவேன்."

அங்கேயே வரைந்தேன். தொடுவானக் கோடு இல்லை. பக்கம் முழுக்கப் படகு. அதன் முன்னால் பெரிதாகச் சிறுமி, தலையைச் சாய்த்து, ஒரு காதைக் கடல் பக்கம் கொடுத்து, ஓடுவதற்குக் குதிகாலைத் தூக்கியபடி.

படத்தைக் கைப்பேசியில் எடுத்து அனுப்பிவிட்டு பஸ் ஏறினேன். சிதம்பரம் வருவதற்குள் அழைப்பு வந்தது. "இதுதான் சார்! மொத்தப் புத்தகத்தையும் இப்பிடியே போடுங்க." நெரிசலில் நின்றபடி தலையாட்டினேன். போனில் அது தெரியாது என்று அப்புறம்தான் உறைத்தது.

அச்சான முதல் பிரதியை அக்காவிடம் கொடுத்தேன். கையைக் கழுவித் துடைத்துக்கொண்டு ஒவ்வொரு பக்கமாகப் பார்த்தார். கடைசிப் பக்கத்தில் கரைக்கு வரும் அப்பாவின் படகில் விரலை வைத்தார்.

"எல்லாம் சரி தம்பி. எங்க போட்டு எப்ப இவ்ளோ பளபளன்னு இருந்துச்சி?"

அடுத்த புத்தகத்தை எங்கிருந்து வரையப் போகிறேன் என்று பதிப்பகம் கேட்டது. தேவனாம்பட்டினம் என்றேன்; வேறு எந்த ஊரும் வாயில் வரவில்லை. சிதம்பரத்து அறையை இன்னும் காலி செய்யவில்லை. ஓர் ஊரில் இவ்வளவு காலம் நான் தங்கியதே இல்லை.