ஒற்றைக் கைச் சட்டை

எழுதத் தெரியாதவன் எழுத உட்கார்ந்ததற்கு முதலில் பொறுத்துக்கொள்ளுங்கள். நான் பத்தாம் வகுப்போடு நின்றவன். கடலூரில் தையல் கடை வைத்திருக்கிறேன். இதுவரை நான் எழுதியதெல்லாம் அளவு நோட்டில்தான். என் மகள் வாள்வீச்சில் மாநில சாம்பியனாக இருந்து டாக்டர் ஆனவள் என்பதால், எப்படி வளர்த்தீர்கள் என்று கடைக்கு வருகிறவர்கள் கேட்கிறார்கள். எனக்கு அதெல்லாம் பேச வராது. சிரித்துவிட்டு ஊசியில் நூல் கோர்ப்பேன். அவளை நான் வளர்த்த விதத்தில் ஒன்றை மட்டும் எழுதிவிட வேண்டும் என்று இருக்கிறேன்.

அவள் எட்டாம் வகுப்பில் வாள் பிடித்தாள். உடுப்பெல்லாம் கோச்சுடையது. ஒரு பிள்ளை போட்டதை அடுத்த பிள்ளை போடும். வெளியே தெரிகிற வெள்ளைச் சட்டைக்கு உள்ளே இன்னொரு சட்டை உண்டு. அதற்கு ஒரே ஒரு கைதான். வாள் பிடிக்கும் பக்கம் மார்பையும் அக்குளையும் மூடி, மறுபக்கம் பட்டையால் கட்டிக்கொள்வது. முதல் தடவை பார்த்தபோது என் மனைவி, "மீதிச் சட்டைய யாரு தின்னுட்டா?" என்று கேட்டாள்.

பிளஸ் ஒன் படிக்கும்போது மகள் வளர்ந்துவிட்டாள், சட்டை வளரவில்லை. சிதம்பரத்தில் மாநிலப் போட்டி. அதற்கு முந்தின நாள் அந்தச் சட்டையைக் கடைக்குக் கொண்டுவந்தாள்.

"அப்பா, கை நீட்டுனா அக்குள்ல புடிக்குது. ஏதாச்சும் பண்ணு."

திருப்பிப் பார்த்தேன். கையும் உடம்பும் ஒரே துணியாக வெட்டியிருந்தது. அக்குளில் தையலே இல்லை. எவனோ வெட்டத் தெரியாதவன் வெட்டியது என்று நினைத்தேன். செம்மங்குப்பம் கம்பெனிகளில் மூட்டை தூக்குகிறவர்களுக்குச் சட்டை தைக்கும்போது, கை தாராளமாகத் தூக்க அக்குளில் ஒரு சதுரத் துண்டு வைப்பேன். அதில் எனக்குக் கொஞ்சம் பெயர் உண்டு. அதையே இதற்கும் செய்தேன். அக்குளை வெட்டித் திறந்து, உள்ளங்கை அளவுக்குப் பேண்ட் தைக்கிற வெள்ளை டிரில் துணி வைத்துத் தைத்தேன். கத்தரி வழுக்கியது. இரண்டு ஊசி உடைந்தது. துணி இப்படி அடம்பிடிக்கிறதே, எதற்காக இவ்வளவு கெட்டி என்று ஒரு நிமிடம் யோசித்திருக்கலாம்.

அவள் போட்டுக்கொண்டு, ஸ்கேலை வாளாகப் பிடித்துக் கடைக்குள்ளேயே ஒரு பாய்ச்சல் பாய்ந்தாள். "சூப்பர்ப்பா" என்றாள்.

சிதம்பரத்தில் உள்ளரங்கம். நான் மேலே படிக்கட்டில் உட்கார்ந்திருந்தேன். மகள் ஒவ்வொருத்தியாக ஜெயித்து இறுதிப் போட்டிக்கு வந்துவிட்டாள். அதற்கு முன் ஓய்வு. கோச் என் பக்கத்தில் வந்து தயிர்சாதப் பொட்டலத்தைப் பிரித்தார். கீழே வேறு இரண்டு பையன்கள் விளையாடிக்கொண்டிருந்தார்கள். டப்பென்று ஒரு சத்தம். ஒருவன் கையில் பாதி வாள்தான் இருந்தது.

"ஐயையோ" என்றேன்.

"ஒண்ணும் ஆவாது டைலரே. ஒடையும். ஒடைஞ்ச முனைதான் டேஞ்சர், கத்தி மாதிரி. அதுக்குத்தான் உள்ள அந்த ஒத்தக் கைச் சட்ட."

"அதுல அக்குள்ல தையலே காணோமே சார்?"

"கரெக்டா கண்டுபுடிச்சீங்களே. தையல் இருந்தா அந்த எடத்துல பிரிச்சிகிட்டு உள்ள போயிடும். அக்குள் வழியா போனா நேரா நுரையீரல்தான். சாதாத் துணியும் கெடையாது அது." கை கழுவ எழுந்தார். "வாரேன், ஒங்க பொண்ணு மேட்சு."

அப்போதே சொல்லியிருக்கலாம். வாய் திறந்துதான் இருந்தது. சொன்னால் போட்டியை நிறுத்துவார்கள், அவளை வெளியே அனுப்பிவிடுவார்கள் என்று நினைத்தேன். கேட்காமல் அவர் சட்டையை வெட்டியவன் என்று இத்தனை பேர் முன்னால் தெரிந்துவிடுமே என்றும் நினைத்தேன். இதில் எது பெரிய காரணம் என்று இன்றுவரை எனக்குத் தெரியவில்லை.

வாள்கள் மோதத் தொடங்கியதும் இறங்கி ஓடினேன். கம்பித் தடுப்பில் நின்ற ஒரு பெண் கையைக் குறுக்கே நீட்டினாள்.

"பேரண்ட்ஸ்லாம் மேல சார்."

"இல்லம்மா, ஒரு சட்ட…"

"மேட்ச் முடிஞ்சி குடுங்க சார்."

நான் திரும்பிப் போய் உட்கார்ந்தேன். இதைத்தான் எழுத வந்தேன். திரும்பிப் போய் உட்கார்ந்தேன்.

பதினைந்து குத்து யார் முதலில் எடுக்கிறார்களோ அவர்களுக்கு ஜெயம். எதிரி உயரமான பெண். அவள் வாள் என் மகள் மேல் பட்டு வில்லாக வளையும்போதெல்லாம் டப் சத்தம் வருகிறதா என்றுதான் காது வைத்திருந்தேன். மகள் கையை நீட்டினால் அக்குள் திறக்கிறது. நான் தைத்துக் கொடுத்த தாராளம். நன்றாகத்தான் நீட்டினாள். பதினைந்துக்குப் பதின்மூன்று என்று மகள் ஜெயித்தாள். முகமூடியைக் கழற்றி என்னைத் தேடினாள். நான் முகத்தைக் கைகளில் புதைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். அழுகிறேன் என்று நினைத்துக்கொண்டாள்.

துவைத்துத் தருகிறோம் என்று கோச்சிடம் சொன்னேன். மகள் பையில் வைத்து எடுத்துவந்த அந்தச் சட்டையை அவளுக்குத் தெரியாமல் எடுத்துக்கொண்டேன். இன்னொரு பிள்ளை அதைப் போடக்கூடாது என்பது மட்டும் மனதில் இருந்தது. வெட்டுத்துணி மூட்டையின் அடியில் போட்டேன். அவள் பை பஸ்ஸில் திறந்து கிடந்தது, எங்கேயோ விழுந்துவிட்டது என்று கோச்சிடம் பொய் சொன்னேன். பழி அவள் மேல் விழும் என்று தோன்றவில்லை. கவனமில்லாதவள் என்று கோச் அவளை மைதானத்தைச் சுற்றி இருபது ரவுண்டு ஓடவிட்டார்.

அதற்குப் பிறகு அவள் எந்தச் சட்டை வாங்கி வந்தாலும் அக்குளைத் தடவிப் பார்ப்பேன். "அங்க என்னப்பா தேடுற?" என்று சிரிப்பாள். பிறகு மருத்துவம் படிக்கச் சிதம்பரத்திலேயே இடம் கிடைத்தது. இப்போது ஹவுஸ் சர்ஜன்.

போன மாதம் ஒரு ஞாயிறு மதியம் வீட்டுக்கு வந்திருந்தாள். குமராட்சிப் பக்கம் பைக்கில் விழுந்த ஒருவருக்கு விலா எலும்பு உடைந்து நுரையீரலைக் குத்திவிட்டதாம். பெரிய டாக்டர் பக்கத்தில் நிற்க, உள்ளே சேர்ந்த காற்று வெளியேற நெஞ்சுக்குள் முதல் தடவையாக இவள் கையால் குழாய் போட்டிருக்கிறாள்.

"எங்க தெரியுமா? கையத் தூக்கு." என் கையைத் தூக்கி, அக்குளுக்குக் கீழே விரலை வைத்து அழுத்தினாள். "இங்கதான். ஏம்ப்பா, இப்பிடி வேர்க்குது ஒனக்கு?"

எழுந்து கடைக்குப் போய் மூட்டையைக் கொட்டிச் சட்டையை எடுத்துவந்தேன். நின்றபடியே எல்லாவற்றையும் சொன்னேன்.

அவள் சட்டையை மடியில் வைத்துத் துண்டைத் தடவினாள். பாக்கெட்டிலிருந்த பேனாவைத் தையல் ஓரத்தில் வைத்து அமுக்கினாள். உள்ளே போய்விட்டது.

"தெரிஞ்சேவா மேல ஒக்காந்திருந்த?"

"ஆமாம்மா."

பேனாவை உருவி மறுபடியும் பாக்கெட்டில் செருகினாள். எனக்கு அன்று படிக்கட்டில் இருந்த பயமே திரும்ப வந்தது.

"இருபது ரவுண்டு ஓடுனேன்ப்பா," என்றாள். "பையிலதான் வச்சேன், பையிலதான் வச்சேன்னு அழுதுகிட்டே ஓடுனேன்." சட்டையை மடித்து மேசைமேல் வைத்துவிட்டு உள்ளே போனாள்.

மறுநாள் காலை டியூட்டிக்குக் கிளம்பும் முன் கோச்சுக்குப் போன் செய்து, சட்டை தொலையவில்லை, அப்பாதான் எடுத்து வைத்திருந்தார், ஏன் என்று அவரே சொல்வார் என்று சொல்லி, போனை என்னிடம் நீட்டினாள். நான் சொன்னேன். பிறகு அவள் பஸ் ஏறிச் சிதம்பரம் போனாள்.