மூன்றுக்கு ஒன்று

மும்பை செம்பூரில் இன்று பக்கத்து வீட்டில் யாரோ மெழுகுவத்தியில் பிளாஸ்டிக்கைச் சுட, அந்த நாற்றத்துக்கு ஜன்னலைச் சாத்தினேன். தாராவியில், இப்போது இடித்துவிட்ட எங்கள் ஒற்றை அறையில், மாமா விடியும் முன்னே, தெருவில் வீடு வீடாகப் போடும் பால் பாக்கெட்டின் மூலையை வெட்டி, கால் பங்கை வடித்துக்கொண்டு, சாக்கடையில் கிடக்கும் ரப்பர் குழாயின் தண்ணீரை ஊற்றி, மெழுகுவத்திச் சுடரில் ஒட்டுவார். எதிர் வீட்டுக் கைக்குழந்தைக்கு வயிற்றுப்போக்கு நிற்கவேயில்லை.

“அந்தப் பச்சப்புள்ளைக்காவது நல்ல பாக்கெட்டாக் குடுலே” என்றாள் அம்மா.

“நல்ல பாலைக் குடிச்சா ருசி தெரிஞ்சிரும்க்கா” என்றார் மாமா.

பள்ளியில், மூன்றுக்கு ஒன்றாகக் கலந்த பாலும் தண்ணீரும் ஐந்துக்கு ஒன்றாக வேண்டுமென்றால் எவ்வளவு பால் சேர்க்கவேண்டும் என்று கேட்டார்கள். யாரும் பால் சேர்த்து நான் பார்த்ததில்லை.

குழந்தை செத்த அன்று துக்கத்துக்கு வந்தவர்களுக்கு எங்கள் பாக்கெட்டில்தான் டீ போட்டார்கள். மாமாவும் ஒரு கிளாஸ் குடித்தார்.