சிரிக்கச் சொன்னவன்

நான் ஐந்தாம் வகுப்போடு பள்ளிக்கூடத்துக்குக் கும்பிடு போட்டவன். இன்றைக்கு பெங்களூரில் எனக்கு மூன்று பேக்கரி இருக்கிறது. சிவாஜிநகர் பஸ் ஸ்டாண்டில் இறங்கி, கிறிஸ்துமஸ் கேக் எங்கே நன்றாக இருக்கும் என்று யாரை வேண்டுமானாலும் கேளுங்கள். கையை நீட்டி என் கடையைத்தான் காட்டுவார்கள். இதை நானே சொல்லிக்கொள்வதில் எனக்கு வெட்கம் கிடையாது. பதினாறு வயதில் மைதா மூட்டை சுமந்த தோள் இது. யாரும் எனக்கு எதையும் தூக்கிக் கொடுக்கவில்லை.

சிவாஜிநகர் கடை மட்டும் என் மாமனாருடையதாக இருந்தது. அதை நான் அவரிடமிருந்து எடுத்துக்கொண்டேன். எப்படி எடுத்தேன், ஊர் அதை எப்படி ஒப்புக்கொண்டது என்பதைக் கல்யாண வீட்டிலும் கல்லறைத் தோட்டத்திலும் பெருமையாகச் சொல்லியிருக்கிறேன். ஒரு விஷயத்தை விட்டுவிட்டுத்தான் சொல்வேன். என் மனைவி போய் ஒரு வருஷமும் இரண்டு மாதமும் ஆகிறது. அந்த விஷயத்தை எழுதத்தான் இப்போது உட்கார்ந்திருக்கிறேன்.

மாமனார் கெட்டவர் இல்லை. கடை அடுப்படியில் வேலை செய்த என்னை நம்பித் தன் ஒரே மகளைக் கொடுத்தார். நான் நகரத்தின் இன்னொரு மூலையில், தொம்மலூரில், சின்னதாக ஒரு பன் கடை போட்டபோது பழைய ட்ரே நாலு கொடுத்து அனுப்பினார். நாங்கள் எல்லாரும் ஒரே புராட்டஸ்டண்ட் சபை. மாமியார் இறந்த பிறகு மனிதர் மாறிப்போனார். வேறொரு ஜெப வீட்டுக்குப் போக ஆரம்பித்தார். போகட்டும், அது அவருக்கும் ஆண்டவருக்கும் உள்ள சங்கதி. ஆனால் கடை ஆட்களையும் வெள்ளிக்கிழமை உபவாச ஜெபத்துக்கு வரச் சொன்னார். வராதவனுக்கு வேலை இல்லை என்றார். அப்புறம் அக்டோபர் மாதம் ஒருநாள், கேக்குக்காக ரம்மில் ஊறவைத்திருந்த திராட்சை, முந்திரி, ஆரஞ்சுத் தோல், ஆறு ஜாடி, எல்லாவற்றையும் தெருச் சாக்கடையில் கவிழ்த்துவிட்டார். இனிமேல் இந்தக் கடையில் கிறிஸ்துமஸ் கேக் கிடையாது, அது பாவம் என்றார்.

அதற்கு மூன்றாம் நாள் ஆட்கள் ஏழு பேர் தொம்மலூருக்கு என்னைத் தேடி வந்தார்கள். கேக் போடுகிற மாஸ்டர் கண்ணைத் துடைத்துக்கொண்டு சொன்னார்:

"மாப்ளே, அந்தச் சாக்கடை இன்னும் ரம் வாசனை அடிக்குது. நாயெல்லாம் தள்ளாடுது. நீ வந்து கடையப் பாத்துக்கோ. வரலன்னா நாங்க ஏழு பேரும் வேற எடம் பாத்துக்குறோம்."

நான் என் மனைவியிடம் கேட்டேன். "அப்பாவை ஒண்ணும் பண்ண மாட்டீங்களே?" என்று மட்டும் கேட்டாள். மாட்டேன் என்றேன். அந்த வாக்கைக் காப்பாற்றினேன். ஒரு டெம்போவில் மைதா, பழம், என் ஆட்கள் நாலு பேரோடு போய் இறங்கினேன். வாசலில் என்னைப் பார்த்ததும் மாமனார் பைபிளையும் குடையையும் எடுத்துக்கொண்டு பின்வாசல் வழியாகப் போய்விட்டார். கோலாரில் தம்பி வீட்டுக்கு பஸ் ஏறினார் என்று பிறகு தெரிந்தது. ஒரு தட்டுகூட உடையவில்லை.

எடுப்பது சுலபம். எடுத்ததை ஊர் ஒப்புக்கொள்ள வேண்டுமே. மாமனாரை விரட்டிய மாப்பிள்ளையிடம் யார் ரொட்டி வாங்குவார்கள்? கட்டடத்துக்குச் சொந்தக்காரர் ஒரு சாயபு. அவர் வெற்றிலையை ஒதுக்கிக்கொண்டு சொன்னார்:

"தேக்கோ மாப்ளே, வாடகைக் காயிதம் பேட்டி பேர்ல, அவரோட மக பேர்ல எழுதறேன். ஒன் பேர்ல நக்கோ, வேணாம்."

"சாயபு, பொண்டாட்டிக்குக் குடை புடிக்கிறதுக்கு நான் எதுக்கு? தொம்மலூர்லயே இருந்துக்குறேன்."

அவர் சிரித்துவிட்டு இரண்டு பேர் பெயரையும் எழுதினார்.

ஆட்கள் ஏழு பேரையும் கூப்பிட்டு, உங்களைக் கேட்காமல் யாரையும் நிறுத்த மாட்டேன், யார் எந்தச் சாமியைக் கும்பிட்டாலும் எனக்குக் கவலையில்லை என்று எழுதிக் கையெழுத்துப் போட்டுக் கொடுத்தேன். போதகரை வரவழைத்துக் கடையைப் பிரதிஷ்டை செய்ய நாள் குறித்தேன். ஞாயிறு ஆராதனையில் எங்கள் இருவர் பெயரையும் சேர்த்துச் சொல்லி ஜெபிக்கவைத்தேன். எந்தப் பள்ளிக்கூடத்தில் இதைக் கற்றுக்கொடுத்தார்கள்? எல்லாம் என் மூளை.

பிரதிஷ்டை அன்று காலையில் கோலாரிலிருந்து ஒருவர் மாமனாரின் கடிதத்தோடு வந்தார். நான்கே வரி. அவள் வாசித்தாள். "நான் செத்தாலும் நீ என் முகத்தில் முழிக்கக் கூடாது" என்பது கடைசி வரி. வாசித்துவிட்டு மைதா மூட்டைமேல் உட்கார்ந்துவிட்டாள். வெளியே சபை ஜனம் கூட ஆரம்பித்துவிட்டது. போதகர் வந்துவிட்டார். போட்டோகிராபர் வந்துவிட்டார்.

நான் அவள் முன்னால் குனிந்து சொன்னது இதுதான். ஒரு சொல்லையும் மாற்றாமல் எழுதுகிறேன்.

"எழுந்து மூஞ்சியக் கழுவு. நீ அழுதீன்னா நான் திருடன். நீ சிரிச்சீன்னா இது குடும்பக் கடை. நல்லா சிரி, எல்லாரும் பாக்குற மாதிரி சிரி."

அவள் என்னைப் பார்த்தாள். எழுந்து முகத்தைக் கழுவிக்கொண்டு வெளியே போனாள்.

சொன்னதற்கு மேலேயே செய்துவிட்டாள். ஒவ்வொரு ட்ரேயாக இழுத்துப் பார்த்தாள். பிஸ்கட் டப்பாக்களைத் திறந்து திறந்து மூடினாள். அடுப்புக்குள் எட்டிப் பார்த்து மாஸ்டரைக் கேலி செய்தாள். அப்பா உட்காருகிற நாற்காலியில் உட்கார்ந்து எல்லாருக்கும் கேக் எடுத்துக் கொடுத்தாள். போட்டோகிராபர் சொல்லாமலே பல் தெரியச் சிரித்தாள். அந்தப் படம் இன்றைக்கும் கல்லாவுக்குப் பின்னால் மாட்டியிருக்கிறது.

எங்கள் சபையில் ஓர் அக்கா உண்டு. எனக்குப் பத்து வயது மூத்தவர். மாமனாருக்குக் கூடப் பிறக்காத தங்கச்சி மாதிரி. கேக்கைக் கையில் வாங்கிக்கொண்டே, பக்கத்தில் நின்றவளிடம் எல்லாருக்கும் கேட்கிற மாதிரி சொன்னார்:

"பெத்த அப்பன் தெருவுல நிக்கிறான். இவ இளிக்கிறதப் பாத்தியாடி? நெஞ்சா அது, கல்லா?"

என் மனைவிக்குக் கேட்டது. எனக்கும் கேட்டது. அவள் சிரிப்பு நிற்கவில்லை. நான் அடுத்த தட்டை வெட்டினேன்.

அந்த டிசம்பரில் கேக் பற்றாமல் போயிற்று. மாப்பிள்ளையை ஊர் மன்னித்துவிட்டது. அப்பனுக்கு அழாத மகள் என்ற பெயர் அவளுக்கு நின்றுவிட்டது. சந்தைக்குப் போனால் முதுகுக்குப் பின்னால் பேசுவார்கள். வந்து என்னிடம் ஒரு வார்த்தை சொல்ல மாட்டாள். நானும் கேட்க மாட்டேன்.

நாலு வருஷம் கழித்து மாமனார் கோலாரில் இறந்துபோனார். அடக்கம் முடிந்த பிறகுதான் எங்களுக்கே ஆள் அனுப்பினார்கள். சனிக்கிழமை சாயங்காலம், கடையில் கூட்டம். அவள் பன் கட்டிக்கொண்டிருந்தாள். சேதி சொன்னவர் போனதும் என் பக்கம் திரும்பி, தணிந்த குரலில் கேட்டாள்.

"என்னங்க, இன்னைக்கு அழலாமா?"

நான் கூட்டத்தைப் பார்த்தேன். "உள்ள போய் அழு" என்றேன்.

மாவு வைக்கிற அறைக்குப் போனாள். கதவைச் சாத்திக்கொண்டாள். கொஞ்ச நேரத்தில் முகம் கழுவிக்கொண்டு வந்து மறுபடியும் பன் கட்டினாள். காதோரம் மாவு ஒட்டியிருந்தது. எங்கள் மகளுக்கு அப்போது ஏழு வயது; அங்கேதான் நின்றாள். அவளும் பார்த்தது திரும்பி வந்த முகத்தைத்தான்.

அந்த மகளை நான் பி.ஏ. படிக்கவைத்தேன். எங்கள் வம்சத்தில் முதல் பட்டம், எழுதிக்கொள்ளுங்கள். சரித்திரம் எடுத்தாள். பரீட்சை சமயத்தில் கல்லா பக்கத்தில் ஸ்டூல் போட்டுக்கொண்டு, இங்கிலீஷில் இருக்கிற பாடத்தை எங்களுக்காகத் தமிழில் சொல்லிச் சொல்லி மனப்பாடம் செய்வாள். ஒருநாள் சொன்னாள்:

"புரட்சிக்கு அப்புறம் அந்தப் புராட்டஸ்டண்ட் ராஜா ஜனங்களோட ஆதரவ எப்படி வாங்குனான்? இது பத்து மார்க்குப்பா, கண்டிப்பா வரும்."

"சொல்லு பாப்போம்."

முந்நூறு வருஷத்துக்கு முன்னால் இங்கிலாந்தில் ஒரு ராஜா. ஜனம் புராட்டஸ்டண்ட், அவர் வேறு மார்க்கத்துக்குப் போய், தன் ஆட்களையும் அந்தப் பக்கம் தள்ளப் பார்த்தாராம். பெரிய மனிதர்கள் கடலுக்கு அப்பால் இருந்த அவருடைய புராட்டஸ்டண்ட் மருமகனுக்குக் கடிதம் எழுதினார்களாம்.

"எத்தினி பேரு?" என்று கேட்டேன்.

"ஏழு பேரு."

நான் மேஜையைத் தட்டிச் சிரித்தேன். மருமகன் வந்து இறங்கியதும் மாமனார் ஓடிவிட்டாராம். அங்கேயும் மகள் பெயரில்தான் எழுதப் பார்த்திருக்கிறார்கள். பெண்டாட்டிக்குக் கீழே நிற்க மாட்டேன் என்று இவன் முறைத்திருக்கிறான். இரண்டு பேருக்கும் சேர்த்து முடிசூட்டி, காசிலே இரண்டு முகத்தையும் அடித்தார்களாம். உங்களைக் கேட்காமல் இன்னின்னது செய்ய மாட்டேன் என்று பார்லிமெண்ட் சபையாருக்கு ஒப்புக்கொண்டானாம். கோயில் கோயிலாக ஸ்தோத்திர ஆராதனை வைத்து, ஆண்டவரே இவரை அனுப்பினார் என்று பிரசங்கம் செய்யவைத்தானாம்.

"அப்படியே நான்தாண்டி!" என்றேன். "படிக்காமலே பண்ணியிருக்கேன் பாரு. எனக்கு எத்தினி மார்க்கு?"

"உங்களுக்குப் பதினொண்ணுப்பா" என்றாள். அப்புறம் பக்கத்தைத் திருப்பிவிட்டு முகத்தைச் சுளித்தாள். "ஆனா அந்த ராணி இருக்காளே, ச்சீ! அப்பா ஓடிப்போன அரண்மனைக்குள்ள சிரிச்சிக்கிட்டே நொழஞ்சாளாம். ரூம் ரூமா ஓடி மெத்தையத் தூக்கித் தூக்கிப் பாத்தாளாம். என்ன மகளோ!"

சொன்ன பிறகுதான் அவளுக்கே உறைத்தது. அம்மாவைப் பார்க்காமல் புத்தகத்தைப் பார்த்தாள். நான் படத்தைப் பார்த்தேன்.

என் மனைவி ரஸ்க் எண்ணிப் போட்டுக்கொண்டிருந்தாள். தலை நிமிரவில்லை.

"அவளை யாராவது சிரிக்கச் சொல்லியிருப்பாங்கம்மா" என்றாள்.

"புக்ல அப்படி ஒண்ணும் இல்லையேம்மா."

"இருக்காது."

அப்போது நான் வாயைத் திறந்திருக்கலாம். ஆமாம்மா, நான்தான் சொன்னேன் என்று நாலு வார்த்தை. வாசலில் ஒருவர் பிரெட் கேட்டார். எழுந்துபோய்க் கொடுத்தேன். வேலையாள் இருந்தான், அவன் கொடுத்திருப்பான்.

போன வருஷம் என் மனைவி இறந்தாள். காய்ச்சல் என்று படுத்தவள் ஒன்பதாம் நாள் எழவில்லை. அந்த ராஜாவின் பெண்டாட்டியும் அம்மை கண்டு சீக்கிரமே போய்விட்டாளாம். அவன் அழுத அழுகையில் அரண்மனையே பயந்துபோனதாம். நானும் அழுதேன். மனுஷன் பாவம் என்று எனக்குக் காபி கொடுத்தார்கள்.

பெட்டியைச் சுற்றி உட்கார்ந்திருந்தபோது அந்த அக்கா பெருமூச்சு விட்டுச் சொன்னார்: "நல்ல சாவுதான். அப்பனுக்கு ஒரு சொட்டு கண்ணீர் விடாதவ. அவளுக்கு இத்தினி பேரு அழுவுறாங்க பாரு." மகள் தலையைக் குனிந்துகொண்டாள். மறுத்துப் பேசவில்லை. அவளும் அதை நம்புகிறாள் என்று அப்போது தெரிந்தது.

கோயிலில் போதகர் என்னை இரண்டு வார்த்தை பேசச் சொன்னார். சபை நிறைய ஜனம். இதைவிட நல்ல இடம் கிடைக்குமா? எழுந்து நின்று பேசினேன். மூட்டை தூக்கியதில் ஆரம்பித்தேன். தொம்மலூர் பன் கடை, சிவாஜிநகர், மூன்றாவது கடை, மகளின் பட்டம். அவள் எனக்குத் துணையாக இருந்தாள் என்று முடித்தேன். என்னைப் பற்றியேதான் பேசினேன். அவள் தலைமாட்டில் நின்றுகொண்டு.

வருஷ நினைவு ஆராதனை முடிந்த மறுநாள் மகள் வீட்டுக்குப் போனேன். அவள் இப்போது காலேஜில் சரித்திரம் சொல்லிக்கொடுக்கிறாள். அவள் அம்மா மூட்டைமேல் உட்கார்ந்திருந்ததையும், நான் சிரிக்கச் சொன்னதையும், மாவு அறையையும் சொன்னேன். அவள் என்னை ஒன்றும் திட்டவில்லை. ஜன்னலைப் பார்த்தபடி சொன்னாள்:

"அம்மா சொன்னது சரிதாம்ப்பா. அந்த ராணிய ராஜாதான் சந்தோஷமா இருக்கற மாதிரி காட்டிக்கச் சொன்னானாம். எம்.ஏ. படிக்கறப்போ பெரிய புக்ல பாத்தேன். அம்மாகிட்ட சொல்லணும்னு நெனச்சேன். மறந்துட்டேன்."

பிறகு என் பக்கம் திரும்பி, "எங்கிட்ட சொல்லி என்ன பண்றது? பேசுனவங்ககிட்ட போய்ச் சொல்லுங்க" என்றாள்.

போனேன். அந்த அக்காவுக்கு இப்போது எண்பத்தைந்து இருக்கும். காது மந்தம். தெருவுக்கே கேட்கிற மாதிரி கத்திச் சொன்னேன். கேட்டுவிட்டு, பொக்கை வாயை மென்றபடி சொன்னார்:

"சொன்னது நீயாவே இருக்கட்டும் தம்பி. சிரிச்சது அவதானே?"

கொண்டுபோன கேக்கை அங்கேயே வைத்துவிட்டு நடந்து வந்தேன்.

போன வாரம் கடையில் ஒரு பையன், ஐ.டி. கம்பெனி பேட்ஜ் கழுத்தில் தொங்க, பன் வாங்கினான். மதுரைப் பக்கத்துப் பேச்சு. படத்தைப் பார்த்து, "யாரு அங்கிள் இவங்க? செம ஹாப்பியா இருக்காங்க" என்றான்.

"என் வீட்டுக்காரம்மா" என்றேன். "ஹாப்பி இல்லப்பா. அன்னைக்குக் காலையிலதான் அவங்க அப்பா, என் மூஞ்சியில முழிக்காதேன்னு எழுதி அனுப்பியிருந்தாரு. அழுதுகிட்டிருந்தா. நான்தான் சிரிக்கச் சொன்னேன். அந்தக் கையப் பாரு, மேஜைய எப்படிப் புடிச்சிருக்கான்னு."

அவன் படத்தைப் பார்த்தான். கையிலிருந்த பன்னைப் பார்த்தான்.

"சாரி அங்கிள்" என்று சொல்லிவிட்டு, கடிக்காமலே கொண்டுபோனான்.

ஒருவனுக்குச் சொல்லியாயிற்று.